கேமரா பார்க்காத இரவு

தேடப்படும் குற்றவாளிகளை நாட்டுக்கு அடையாளம் காட்டிய தயாரிப்பாளர், தன் மனைவியின் மரண வழக்கில் ஆயுள் தண்டனை பெற்றுப் பிறகு விடுதலையானார். சுஹைப் இல்யாசியின் கதை, நிஜக் குற்ற நிகழ்ச்சிகளின் பலம் என்ன, அவை எங்கே தடுமாறுகின்றன என்ற இரண்டையும் சொல்கிறது.

கிழக்கு தில்லியிலுள்ள கார்கர்டூமா நீதிமன்றம் 2017 டிசம்பர் 20-ஆம் தேதி சுஹைப் இல்யாசிக்கு ஆயுள் தண்டனை விதித்தது. மனைவி அஞ்சுவைக் கொன்றார், அதைத் தற்கொலை போலக் காட்ட முயன்றார் என்பது தீர்ப்பின் சாரம். சம்பவம் நடந்து ஏறக்குறைய 18 ஆண்டுகள் ஆகியிருந்தன. அடுத்த பத்தாவது மாதத்தில், 2018 அக்டோபர் 5-ஆம் தேதி, தில்லி உயர் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. கொலை என்பதை அரசுத் தரப்பு சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கவில்லை என்றது அந்தத் தீர்ப்பு.

அதே வீடு, அதே காயங்கள், அதே சாட்சிகள். ஒரு நீதிமன்றம் கொலையைப் பார்த்தது. மேல் நீதிமன்றம் சந்தேகத்தைப் பார்த்தது. இதில் புதுமை ஏதும் இல்லை. இந்தியாவில் தினந்தோறும் ஏதாவதொரு மேல்முறையீட்டில் இப்படி நடக்கிறது. ஆனால் இந்தக் குற்றவாளிக் கூண்டில் நின்றவர் சாதாரண ஆசாமி அல்ல. யார் குற்றவாளி, அவர் எப்படிச் செய்தார் என்று நடிகர்களை வைத்துப் படம்பிடித்து, வரவேற்பறையில் உட்கார்ந்திருந்த லட்சக்கணக்கானவர்களிடம் காட்டியவர். இந்தித் தொலைக்காட்சியில் அந்த வகை நிகழ்ச்சிக்கு வழிபோட்டவர்.

இந்த வழக்கை அவரது பாணியிலேயே ஓர் அத்தியாயமாக எடுத்திருந்தால் கடைசிக் காட்சி என்னவாக இருந்திருக்கும்? கத்தி யார் கையில் இருந்திருக்கும்? நிஜக் குற்ற நிகழ்ச்சி எடுக்கும் ஒவ்வொரு தயாரிப்பாளரும் தன்னைக் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இது.

லண்டனிலிருந்து வந்த யோசனை

தில்லி ஜாமியா மில்லியா இஸ்லாமியா பல்கலைக்கழகத்தில் மக்கள் தொடர்பியல் படித்தவர் இல்யாசி. அஞ்சுவைச் சந்தித்ததும் அங்கேதான். இருவரும் 1993-ல் லண்டனில் திருமணம் செய்துகொண்டார்கள். அங்கே தொலைக்காட்சித் துறையில் வேலை பார்த்த நாட்களில் பிரிட்டிஷ் சானல்களின் குற்ற நிகழ்ச்சிகள் அவர் கவனத்தை ஈர்த்தன. இந்தியா திரும்பியபோது அந்த யோசனையும் கூடவே வந்தது.

யோசனை பிரிட்டனில் பிறந்ததல்ல. 1967-ல் மேற்கு ஜெர்மனியின் இசட்.டி.எஃப். சானலில் எடுவார்ட் சிம்மர்மன் என்ற பத்திரிகையாளர் தொடங்கிய நிகழ்ச்சிதான் மூலவிதை. துப்புத் துலங்காத வழக்குகளை நடிகர்களை வைத்துக் காட்டிவிட்டு, 'தகவல் தெரிந்தவர்கள் தொலைபேசியில் அழையுங்கள்' என்றார் அவர். 1984-ல் பி.பி.சி. 'கிரைம்வாட்ச்' நிகழ்ச்சியைத் தொடங்கியது. 1988-ல் அமெரிக்காவின் ஃபாக்ஸ் சானலில் 'அமெரிக்காஸ் மோஸ்ட் வான்டட்' வந்தது. அதை வழங்கிய ஜான் வால்ஷ், 1981-ல் ஆறு வயது மகனைக் கடத்தல்காரனிடம் பறிகொடுத்த தகப்பன். முதல் ஒளிபரப்பு முடிந்து நான்கே நாட்களில், அதில் காட்டப்பட்ட தப்பியோடிய கைதி பிடிபட்டான். இப்படிப்பட்ட நிகழ்ச்சிகளால் பயன் உண்டா என்று கேட்டவர்களுக்கு அதுவே பதிலாக இருந்தது.

இந்தியாவுக்கு இது புதிது. தூர்தர்ஷனில் 1985-ல் 'கரம்சந்த்' வந்தது. 1993-ல் 'வியோம்கேஷ் பக்ஷி' வந்தது. இரண்டுமே கற்பனைத் துப்பறிவாளர்கள். சோனியில் 1998 ஜனவரியில் தொடங்கிய 'சி.ஐ.டி.'யும் கற்பனைதான். இல்யாசி ஜீ டி.வி.யில் அதே 1998-ல் கொண்டுவந்த 'இந்தியாஸ் மோஸ்ட் வான்டட்' வேறு ரகம். அதில் வந்த பெயர்கள் நிஜம், புகைப்படங்கள் நிஜம், தேடப்பட்ட ஆட்கள் எங்கோ உயிரோடு நடமாடிக்கொண்டிருந்தார்கள். தயாரிப்பாளர் தானே திரையில் தோன்றி, அழுத்தமான குரலில் குற்றவாளியின் வரலாற்றைச் சொல்வார். பிறகு, 'இவனைப் பார்த்தால் சொல்லுங்கள்' என்பார். பார்வையாளர் அரை மணி நேரத்துக்குக் காவல்துறையின் கூட்டாளி ஆனார்.

பல பகுதிகளில் கேபிள் இணைப்பு பரவிவந்த காலம் அது. தாதாக்களைப் பற்றிப் பத்திரிகைகளில் படித்தவர்கள் இப்போது அவர்களைப் பார்த்தார்கள். குறைந்தபட்சம், அவர்களாக நடித்தவர்களைப் பார்த்தார்கள். இல்யாசி நட்சத்திரம் ஆனார். பின்னர் தூர்தர்ஷனிலும் 'ஃப்யுஜிட்டிவ் மோஸ்ட் வான்டட்' என்ற பெயரில் இதே பாணி நிகழ்ச்சியை நடத்தினார்.

யார் பிடித்தார்கள்?

அவரது நிகழ்ச்சியில் இடம்பெற்றவர்களில் பெரிய பெயர் ஸ்ரீபிரகாஷ் சுக்லா. கோரக்பூர் பகுதியிலிருந்து கிளம்பி உத்தரப் பிரதேசத்தையே மிரட்டிய கொலைகாரன். அவனைப் பிடிப்பதற்கென்றே உ.பி. அரசு 1998-ல் சிறப்பு அதிரடிப் படை அமைத்தது. அந்த ஆண்டு செப்டம்பரில் தில்லியை ஒட்டிய காஜியாபாத்தில் நடந்த என்கவுன்டரில் அவன் கொல்லப்பட்டான்.

நிகழ்ச்சிக்கும் அந்த முடிவுக்கும் முடிச்சுப் போடுவது ரசிகர்களுக்கு எளிதாக இருந்தது. உண்மையில் சுக்லாவைக் காட்டிக்கொடுத்தது அவனது செல்போன். அப்போது இந்தியாவில் மிகச் சிலரிடமே இருந்த அந்தக் கருவியை அவன் ஓயாமல் பயன்படுத்தினான். போலீஸ் அந்தப் பேச்சுகளைத் தொடர்ந்து போய் மடக்கியது. தொலைக்காட்சியால் ஒருவன் முகம் ஊரெல்லாம் தெரிகிறது, ஒளிந்திருக்கும் இடம் குறுகுகிறது என்பது உண்மை. ஆனால் பிடிப்பதற்குப் பின்னால் பெரும்பாலும் சலிப்பூட்டும் வேலைதான் இருக்கிறது: எண்களை ஒட்டுக் கேட்பது, பதிவேடு புரட்டுவது, காத்திருப்பது. அதைக் கேமரா விரும்புவதில்லை.

தேடப்படும் ஒருவனின் புகைப்படத்தைக் காட்டித் தகவல் கேட்பதில் யாருக்கும் ஆட்சேபம் இருக்க முடியாது. அது பேருந்து நிலையத்தில் ஒட்டும் போஸ்டரின் தொலைக்காட்சி வடிவம். சிக்கல் அடுத்த படியில், குற்றத்தை நடித்துக் காட்டும் இடத்தில் ஆரம்பிக்கிறது.

ஓர் அத்தியாயம் எப்படித் தயாராகிறது என்று பாருங்கள். கையில் இருப்பது முதல் தகவல் அறிக்கை, சில சமயம் குற்றப்பத்திரிகை, ஒரு போலீஸ் அதிகாரியின் பேட்டி, இரண்டொரு புகைப்படங்கள். எல்லாம் பெரும்பாலும் ஒரே தரப்பிலிருந்து வருபவை. குற்றப்பத்திரிகையில் 'கத்தியால் குத்தினார்' என்று ஒரு வரி இருக்கும். எழுத்தில் அது ஒரு குற்றச்சாட்டு. படமாக்க வேண்டுமானால் அந்த ஒரு வரி போதாது. எந்தக் கை? குத்துப்பட்டவர் நின்றிருந்தாரா, உட்கார்ந்திருந்தாரா? குத்தியவர் முகத்தில் கோபமா, வெறியா, பயமா? அந்த நேரம் அறையில் விளக்கு எரிந்ததா? காகிதத்தில் இல்லாத இவற்றையெல்லாம் இயக்குநர் நிரப்பியாக வேண்டும். நிரப்பாவிட்டால் காட்சி இல்லை.

'போலீஸ் கூறுகிறது' என்ற இரண்டு சொற்களைக் கேமராவால் காட்ட முடியாது. திரையின் மூலையில் 'சித்தரிக்கப்பட்ட காட்சி' என்று பொடி எழுத்தில் போடலாம். ஆனால் ஒரு மாதம் கழித்துப் பார்வையாளர் நினைவில் நிற்பது பொடி எழுத்தல்ல. கத்தி பிடித்த கை. 'அப்படிச் சொல்கிறார்கள்' என்பது 'நான் பார்த்தேன்' என்று மாறிவிடுகிறது.

2000, ஜனவரி 10

அன்று இரவு கிழக்கு தில்லி மயூர் விகாரிலுள்ள வீட்டிலிருந்து அஞ்சு கத்திக்குத்துக் காயங்களுடன் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டார். காப்பாற்ற முடியவில்லை. தன்னைத்தானே குத்திக்கொண்டார் என்பது இல்யாசியின் நிலை. கடைசிவரை அவர் அதிலிருந்து மாறவில்லை. ஆனால் மார்ச் மாதம் அவர் கைதுசெய்யப்பட்டார். அஞ்சுவின் தாயும் சகோதரியும் வரதட்சணைக் கொடுமை நடந்ததாகக் குற்றம்சாட்டியிருந்தார்கள்.

குற்றவாளிகளைக் காட்டியவரே கைதானது, சானல்களுக்கு அந்த ஆண்டின் பெரும் செய்திகளில் ஒன்றானது. அவரது நிகழ்ச்சியின் பெயரை வைத்தே தலைப்புகள் போட்டார்கள். அவர் பழக்கிவிட்ட பார்வையாளர்கள் இப்போது அவரைப் பார்த்தார்கள். அவர் மற்றவர்கள் விஷயத்தில் எதைப் பொறுமையாகக் காத்திருந்து கேட்கச் சொல்லவில்லையோ, அதை அவருக்காகவும் யாரும் காத்திருந்து கேட்கவில்லை.

வழக்கு நடந்த பாதையைக் கொஞ்சம் விளக்கியாக வேண்டும். அப்போதைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 304-பி பிரிவு வரதட்சணை மரணத்தைப் பற்றியது. திருமணமாகி ஏழு ஆண்டுகளுக்குள் ஒரு பெண் இயல்புக்கு மாறான முறையில் இறந்து, அதற்குச் சற்று முன்பு வரதட்சணைக்காகக் கொடுமைப்படுத்தப்பட்டதும் நிரூபணமானால், கணவர் தரப்பே மரணத்துக்குக் காரணம் என்று சட்டம் அனுமானித்துக்கொள்ளும். அடைத்த கதவுக்குள் நடப்பதற்குச் சாட்சி கிடைக்காது என்பதால், பெண்களைக் காக்க 1986-ல் கொண்டுவரப்பட்ட ஏற்பாடு அது. இல்யாசி மீது முதலில் தொடுக்கப்பட்டது இந்த வழக்குதான்; கொடுமைப்படுத்துதல் தொடர்பான 498-ஏ பிரிவும் சேர்ந்திருந்தது.

அஞ்சுவின் தாயார் விடவில்லை. இது கொலை, 302-ஆவது பிரிவின் கீழ்தான் விசாரிக்க வேண்டும் என்று நீதிமன்றப் படிகள் ஏறினார். 2014-ல் தில்லி உயர் நீதிமன்றம் அதை ஏற்றது. மகள் இறந்து 14 ஆண்டுகளுக்குப் பிறகு வழக்கு கொலை வழக்காக மாறியது. இதற்கிடையே இல்யாசி '498-ஏ: தி வெட்டிங் கிஃப்ட்' என்ற திரைப்படத்தை இயக்கினார். வரதட்சணைச் சட்டத்தில் பொய்யாகச் சிக்கவைக்கப்படும் கணவன் அதன் கரு. வழக்கைத் தன் பக்கத்திலிருந்து சொல்ல அவருக்குத் தெரிந்த ஊடகம் அதுதான்.

கடைசியில் எல்லாமே காயங்களைப் பற்றிய கேள்வியில் வந்து நின்றது. அஞ்சு தானே குத்திக்கொண்டிருக்க முடியுமா, இன்னொருவர் கைதான் காரணமா? இதில் மருத்துவ நிபுணர்களின் கருத்துகள் ஒன்றுபட்டிருக்கவில்லை. விசாரணை நீதிமன்றம் கொலை என்ற முடிவுக்கு வந்து, ஆயுள் தண்டனையோடு ரூ. 2 லட்சம் அபராதமும், அஞ்சுவின் பெற்றோருக்கு ரூ. 10 லட்சம் இழப்பீடும் விதித்தது. நீதிபதிகள் எஸ். முரளிதர், வினோத் கோயல் ஆகியோர் அடங்கிய உயர் நீதிமன்ற அமர்வு அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது.

எந்தக் கை, எந்தக் கோணம், எவ்வளவு ஆழம்? ஒரு படப்பிடிப்பில் உதவி இயக்குநர் ஐந்து நிமிடத்தில் முடிவுசெய்துவிடும் விஷயங்கள் இவை. பிரேதப் பரிசோதனை அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு, நிபுணர்களும் வக்கீல்களும் 18 ஆண்டுகள் வாதிட்டும் இவற்றில் ஒருமித்த பதில் கிடைக்கவில்லை. நடித்துக் காட்டும் காட்சிக்கும் நீதிமன்றத்துக்கும் உள்ள தூரம் அதுதான்.

சட்டம் இல்யாசியை நிரபராதி என்கிறது. அதற்கு மேல் அவரைப் பற்றி ஊகிக்க யாருக்கும் உரிமை இல்லை. அஞ்சுவின் குடும்பத்துக்கோ, மகளின் கடைசி மணி நேரத்தைப் பற்றி எல்லோரும் ஒப்புக்கொள்ளும் ஒரு பதில் கிடைக்கவே இல்லை. நிகழ்ச்சி முடிந்ததும் பெயர்கள் ஓடுவது போல வாழ்க்கையில் ஓடுவதில்லை.

தீர்ப்புக்கு முன் வந்த படங்கள்

இல்யாசி விவகாரம் தனித்த விபத்தல்ல. நாடாளுமன்றத் தாக்குதல் வழக்கில் சிறப்பு நீதிமன்றம் 2002 டிசம்பரில் தீர்ப்பளிப்பதற்குச் சில நாட்கள் முன்பு, ஜீ டி.வி. 'டிசம்பர் 13' என்ற படத்தைத் தயாரித்து ஒளிபரப்பியது. போலீசின் குற்றப்பத்திரிகையை ஒட்டி எடுக்கப்பட்ட படம். அதை நிறுத்தக் கோரிய முயற்சி உச்ச நீதிமன்றத்தில் எடுபடவில்லை. படத்தில் சதிகாரராகக் காட்டப்பட்ட தில்லிக் கல்லூரி விரிவுரையாளர் எஸ்.ஏ.ஆர். கிலானிக்குச் சிறப்பு நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. 2003-ல் உயர் நீதிமன்றம் அவரை விடுவித்தது. சந்தேகத்தின் நிழலை உச்ச நீதிமன்றம் சுட்டிக்காட்டினாலும், 2005-ல் விடுதலையை உறுதிசெய்தது. நீதிபதிகள் படம் பார்த்து மனம் மாற மாட்டார்கள் என்றே வைத்துக்கொள்வோம். படம் பார்த்த அக்கம்பக்கத்தார்?

இதற்கு நேர்மாறாக, 1993 மும்பை குண்டுவெடிப்புகளை வைத்து அனுராக் காஷ்யப் எடுத்த 'பிளாக் ஃபிரைடே' படத்துக்கு மும்பை உயர் நீதிமன்றம் 2005-ல் தடை போட்டது. வழக்கில் சம்பந்தப்பட்டவர்கள், தீர்ப்பு வருமுன் படம் வந்தால் தங்களுக்குப் பாதகம் என்று முறையிட்டிருந்தார்கள். தடா நீதிமன்றம் தீர்ப்புகளைச் சொல்ல ஆரம்பித்த பிறகு, 2007 பிப்ரவரியில்தான் படம் திரைக்கு வந்தது. இரண்டு வழக்குகள், இரண்டு அளவுகோல்கள்.

2008-ல் நொய்டாவில் 13 வயதுச் சிறுமியும் வீட்டு வேலைக்காரரும் கொல்லப்பட்ட வழக்கை மறந்திருக்க மாட்டீர்கள். செய்தி சானல்கள் அந்த வீட்டின் மாதிரியைக் கணினியில் வரைந்து, யார் எந்த அறையிலிருந்து எந்த அறைக்குப் போனார்கள் என்று அம்புக்குறி போட்டன. 2013-ல் பெற்றோருக்கு ஆயுள் தண்டனை. 2017-ல் அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் விடுதலை. இதே வழக்கைத் தழுவி மேக்னா குல்சார் இயக்கிய 'தல்வார்' 2015-ல் வந்தது. விடுதலைத் தீர்ப்பு அப்போது வந்திருக்கவில்லை. அவர் ஒரு வழி கண்டுபிடித்தார்: வெவ்வேறு விசாரணைக் குழுக்கள் அந்த இரவை எப்படிக் கற்பனை செய்தனவோ, அப்படி அப்படியே தனித்தனியாக நடித்துக் காட்டினார். தமிழ் ரசிகர்களுக்கு இந்த உத்தி பழக்கமானது. எஸ். பாலச்சந்தர் 1954-ல் எடுத்த 'அந்த நாள்' படத்தில் ஒரே கொலைக்கு எத்தனை விளக்கங்கள்! கற்பனைக் கதைக்கு அது சுவை. நிஜ வழக்குக்கு அது நேர்மை.

இந்த வகை நிகழ்ச்சியை இல்யாசிக்குக் கற்றுக்கொடுத்த பிரிட்டனிலும் சோகம் நடந்தது. 'கிரைம்வாட்ச்' வழங்கிய ஜில் டாண்டோ 1999 ஏப்ரலில் லண்டனில் தன் வீட்டு வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவரது நிகழ்ச்சியே அவரது கொலைக்குத் துப்புக் கேட்டது. அந்தப் பகுதியில் வசித்த ஒருவருக்கு 2001-ல் ஆயுள் தண்டனை கிடைத்தது. 2008-ல் நடந்த மறுவிசாரணையில் அவர் நிரபராதி என்று விடுவிக்கப்பட்டார். கொலைகாரன் யார் என்பது இன்றுவரை தெரியவில்லை.

வாரிசுகள்

இல்யாசியின் நிகழ்ச்சி போனாலும் அவர் திறந்த கதவு மூடவில்லை. 2003-ல் சோனியில் 'கிரைம் பெட்ரோல்' ஆரம்பித்தது. அனூப் சோனி வழங்கிய ஆண்டுகளில் அது வீட்டுக்கு வீடு பழக்கமானது. 2004-ல் ஸ்டார் நியூஸில் 'சன்சனி' வந்தது. ஸ்ரீவர்தன் திரிவேதி என்ற நாடக நடிகர் கண்ணை உருட்டிக் குற்றச் செய்தி சொன்னார். 2012-ல் லைஃப் ஓகே சானலில் 'சாவ்தான் இந்தியா' வந்தது. தமிழில் சன் டி.வி.யின் 'நிஜம்', விஜய் டி.வி.யின் 'நடந்தது என்ன? குற்றமும் பின்னணியும்' ஆகியவை இதே குடும்பத்தைச் சேர்ந்தவை. இவற்றில் பல நிகழ்ச்சிகள் பெயரையும் ஊரையும் மாற்றி, 'உண்மைச் சம்பவத்தைத் தழுவியது' என்று தப்பித்துக்கொண்டன. தேடப்படுபவர்களைக் காட்டும் நோக்கம் மெல்ல மறைந்து, குற்றம் எப்படி நடந்தது என்ற கதையே முழு நிகழ்ச்சியானது.

இப்போது பந்தயம் இணையவழித் தளங்களுக்கு மாறியிருக்கிறது. 2018-ல் நிகழ்ந்த புராரி மரணங்கள் பற்றிய தொடரை லீனா யாதவ் 2021-ல் எடுத்தார். வீரப்பனைப் பற்றி 2023-ல் மட்டும் இரண்டு ஆவணத் தொடர்கள் வந்தன. 2024 பிப்ரவரியில் ஷீனா போரா கொலை வழக்கில் குற்றம்சாட்டப்பட்ட இந்திராணி முகர்ஜி பற்றிய நெட்ஃபிளிக்ஸ் தொடரை நிறுத்தச் சொல்லி சி.பி.ஐ. மும்பை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. விசாரணை நடந்துகொண்டிருந்த வழக்கு அது. நீதிபதிகள் முதலில் தொடரைத் தாங்களே பார்த்தார்கள். விசாரணையைக் கெடுக்கும்படி ஏதும் இல்லை என்று கூறி மனுவைத் தள்ளுபடி செய்தார்கள்.

சட்டம் எங்கே நிற்கிறது? தமிழகத்து வழக்கொன்று இந்தத் துறைக்கு அஸ்திவாரம். ஆட்டோ சங்கரின் சுயசரிதையை 'நக்கீரன்' வெளியிடுவதைத் தடுக்க அதிகாரிகள் முயன்றபோது, 1994-ல் உச்ச நீதிமன்றம் ஓர் எல்லைக்கோடு போட்டது. நீதிமன்றப் பதிவுகள் போன்ற பொது ஆவணங்களில் உள்ளதைச் சம்பந்தப்பட்டவரின் அனுமதி இல்லாமலே வெளியிடலாம். அதைத் தாண்டிப் போனால் அந்தரங்க உரிமையை மீறியதாகலாம். இன்று குற்றத் தொடர் எடுக்கும் தயாரிப்பாளர்களின் வக்கீல்கள் முதலில் எடுத்துக்காட்டுவது இந்தத் தீர்ப்பைத்தான்.

ஓட்டை வேறிடத்தில் இருக்கிறது. 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி, ஒரு கிரிமினல் வழக்கு 'நிலுவையில் உள்ளது' என்று கருதப்படுவது குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகு, அல்லது சம்மனோ வாரன்டோ பிறப்பிக்கப்பட்ட பிறகுதான். ஒருவர் கைதான அன்றே அவரைப் பற்றி என்ன வேண்டுமானாலும் காட்ட இது இடம் கொடுக்கிறது. பரபரப்பு உச்சத்தில் இருப்பதும் அந்த நாட்களில்தான். கைது நாளிலிருந்தே பாதுகாப்புத் தொடங்க வேண்டும் என்று சட்ட ஆணையம் 2006-ல் தனது 200-ஆவது அறிக்கையில் பரிந்துரைத்தது. 2021 ஜனவரியில், நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் மரணத்தைச் சானல்கள் கையாண்ட விதம் குறித்த வழக்கில், மும்பை உயர் நீதிமன்றம் இன்னும் நேரடியாகப் பேசியது. விசாரணை நடக்கும்போது குற்றம் நடந்த இடத்தை மறுபடி உருவாக்கி, குற்றம்சாட்டப்பட்டவர் எப்படிச் செய்தார் என்று சித்தரிப்பதை ஊடகங்கள் தவிர்க்க வேண்டும் என்றது. இல்யாசி பாணியின் இதயத்தையே அது தொட்டது.

இதற்காகக் குற்ற நிகழ்ச்சிகளையே மூடிவிட வேண்டும் என்பதில்லை. தப்பியோடியவனின் முகத்தைக் காட்டுவது ஊருக்கு நல்லது. காணாமல் போன குழந்தையின் படத்தைக் காட்டுவது அதைவிட நல்லது. போலீஸ் மூடிவிட்ட கோப்பை ஒரு தயாரிப்பாளர் திறக்க வைத்தால் அவருக்கு மாலை போடலாம். இல்யாசி தொடங்கியபோது இருந்த நோக்கத்தில் பாதி இதுதான். மறுபாதிக்குத்தான் கடிவாளம் வேண்டும். தீர்ப்பு வராத வழக்கில் கத்தியை நடிகர் கையில் கொடுக்காமல் இருக்கலாம். கொடுத்தே ஆக வேண்டுமென்றால், எதிர்த்தரப்பு சொல்லும் இரவையும் அதே விளக்கு வெளிச்சத்தில், அதே நேர அளவில் படம்பிடிக்கலாம். மேல்முறையீட்டில் விடுதலை கிடைத்தால், பழைய அத்தியாயத்தை மறு ஒளிபரப்புச் செய்யாமல் இருக்கலாம். இணையத்தில் அது கிடந்தால், அதன் நெற்றியில் தீர்ப்பை எழுதிவைக்கலாம்.

இவை எதுவும் பெரிய செலவில்லை. ஒரு நாள் கூடுதல் படப்பிடிப்பு, ஒரு வரிக் குறிப்பு, அவ்வளவே. செலவு வேறு வகையில் வரும். 'இவர்தான் செய்தார்' என்று நிகழ்ச்சியை முடிக்கும்போது பார்வையாளருக்குக் கிடைக்கும் திருப்தி, 'இன்னும் தெரியவில்லை' என்று முடிக்கும்போது கிடைக்காது. மயூர் விகார் வீட்டில் அந்த இரவு என்ன நடந்தது என்ற கேள்விக்கு, இரண்டு நீதிமன்றங்களுக்கும் 18 ஆண்டுகளுக்கும் பிறகு, நேர்மையான ஒரு தயாரிப்பாளர் எடுக்கக்கூடிய கடைசிக் காட்சி அந்த 'இன்னும் தெரியவில்லை' மட்டும்தான்.